ஏரியும் அதைச் சுற்றிய தொழிலும்: பத்து நிமிட ஆவணப்படத்தை எந்த வரிசையில் எடுப்பது?

முதல் முறை ஏரியைப் படமெடுக்கப் போகிறவர்கள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் ஆரம்பிக்கிறார்கள். விடியற்காலையில் போய் இறங்கி, பனி மூடிய தண்ணீரை ஒரு மணி நேரம் எடுப்பார்கள், பறவைகளை எடுப்பார்கள், ட்ரோனை ஏற்றி இறக்குவார்கள், வெயில் ஏறியதும் 'சரி, இனி தொழிற்சாலைப் பக்கம் போகலாம்' என்று கிளம்புவார்கள். எடிட்டிங்கில் உட்காரும்போது கையில் இரண்டு படம் இருக்கும். ஒன்றில் அழகான ஏரி, இன்னொன்றில் இரைச்சலான தொழில். இரண்டையும் சேர்த்துப் பிடிக்கிற ஒரு ஷாட்கூட இருக்காது.

நானும் முதலில் அப்படித்தான் எடுத்தேன், அதற்குப் பிறகு பலர் அதே இடத்தில் சிக்கியதைப் பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன். அதனால் இங்கே சொல்கிற வரிசை நேர் எதிரானது: ஏரிக்கும் தொழிலுக்கும் உள்ள உறவு முதலில், அப்புறம் ஆட்கள், அப்புறம் வேலை, கடைசியில்தான் ஏரியின் காட்சிகள். 8 முதல் 12 நிமிடப் படம், இரண்டு மூன்று பேர் கொண்ட குழு, ஒரு கேமரா (நல்ல கைபேசியும் போதும்) என்று வைத்துக்கொண்டு எழுதியிருக்கிறேன்.

1. கொடுக்கல் வாங்கலை ஒரே வரியில் எழுதுங்கள்

எதையும் எடுப்பதற்கு முன்னால் ஒரு காகிதத்தில் இந்த வரியை நிரப்புங்கள்: 'இந்தத் தொழில் ஏரியிலிருந்து இன்னதை எடுக்கிறது, இன்னதாக மாற்றுகிறது, இன்னதைத் திருப்பி விடுகிறது.' மூன்று இடமும் நிரம்பவில்லை என்றால் படத்துக்கு இன்னும் பொருள் கிடைக்கவில்லை என்று அர்த்தம். இந்த வரிதான் பின்னால் எந்த ஷாட் வேண்டும், எது வேண்டாம் என்று சொல்லப் போகிறது.

உறவு எப்போதும் ஒரே வகையாக இருக்காது. கென்யாவின் மகாடி ஏரியில் ஏரியே கச்சாப் பொருள். அங்கே படியும் ட்ரோனா என்ற உப்பு வகையை வெட்டியெடுத்துக் கண்ணாடித் தொழிலுக்கு வேண்டிய சோடா சாம்பல் ஆக்குகிறார்கள். ஜெர்மனியின் லவுசிட்ஸ் பகுதியில் நிலைமை தலைகீழ்: பழுப்பு நிலக்கரி வெட்டிய பள்ளங்களில் தண்ணீர் நிரப்பித்தான் அந்த ஏரிகளே உருவாயின. அங்கே 'தொழில் ஏரியைக் கெடுத்தது' என்ற வழக்கமான கதையை எடுத்துக்கொண்டு போனால் கதவே திறக்காது.

ஏரியை மாற்றிய தொழில் கரையில் இல்லாமலும் இருக்கலாம், புதியவர்கள் அதிகம் தவறவிடுவது இதைத்தான். மத்திய ஆசியாவின் ஆரல் கடல் பெயரில்தான் கடல், உண்மையில் ஏரி. அதன் கரையில் மொய்னாக் போன்ற ஊர்களில் மீன்பிடியும் மீன் பதப்படுத்தும் ஆலையும் இருந்தன. ஏரியைச் சுருங்க வைத்தது, 1960களிலிருந்து ஆமு தாரியா, சிர் தாரியா ஆறுகளின் தண்ணீரைப் பெரிய அளவில் பருத்தி வயல்களுக்குத் திருப்பிய பாசனம். அமெரிக்காவின் ஈரி ஏரியில் 2014 ஆகஸ்டில் பாசி நச்சு பெருகி, டொலிடோ நகரத்திலும் சுற்றுப்புறத்திலும் 4 லட்சத்துக்கும் மேற்பட்டோர் சில நாட்கள் குழாய்த் தண்ணீரைக் குடிக்கக் கூடாது என்று அறிவிக்க வேண்டியதாயிற்று. அந்தப் பாசிக்கு உணவாகும் பாஸ்பரஸில் பெரும்பகுதி ஆற்றின் வழியாக வயல்களிலிருந்து வருவது. கரையோரத் தொழிற்சாலையை மட்டும் சுற்றிச் சுற்றி எடுத்திருந்தால் இந்த இரண்டு கதையிலும் பாதி வெளியேதான் நின்றிருக்கும்.

ஆக, தண்ணீர் எங்கிருந்து வருகிறது, எங்கே போகிறது என்பதை வரைபடத்தில் விரல் வைத்துப் பின்தொடருங்கள். உங்கள் படத்தின் எல்லை அதுதான். கரை எல்லை ஆகாது.

2. நேரில் போவதற்கு முன்னால் மேலிருந்து பாருங்கள்

லேண்ட்சாட் செயற்கைக்கோள்கள் 1972 முதல் பூமியைப் படம் பிடித்து வருகின்றன. அந்தத் தொகுப்பு முழுவதும் 2008 முதல் இலவசம். ஐரோப்பிய செயற்கைக்கோளான சென்டினல் 2இன் படங்கள் 2015இல் தொடங்கியவை, படத்தின் ஒரு புள்ளி தரையில் 10 மீட்டர், அதனால் கரை எவ்வளவு நகர்ந்தது, புதிதாக எங்கே பாத்திகள் வெட்டினார்கள், எந்த ஓடை அடைபட்டது என்பதெல்லாம் தெளிவாகத் தெரியும். இரண்டு மூன்று மணி நேரம் இதில் செலவழித்தால், களத்தில் யாரிடம் என்ன கேட்க வேண்டும் என்பது பாதி தெரிந்துவிடும்.

இங்கே ஒரு பெரிய பிழை நடக்கிறது. ஓர் ஆண்டின் மழைக்காலப் படத்தையும் இன்னோர் ஆண்டின் கோடைப் படத்தையும் அருகருகே வைத்து 'ஏரி பாதியாகிவிட்டது' என்று காட்டுவார்கள். ஏரிகள் ஆண்டுக்குள்ளேயே விரிந்து சுருங்கும். ஆழம் குறைந்த ஏரியில் மட்டம் ஓர் அடி இறங்கினாலே பரப்பு நிறையக் குறையும். ஒப்பிட்டால் ஒரே மாதத்துப் படங்களை ஒப்பிடுங்கள், இரண்டு ஆண்டை மட்டும் எடுக்காமல் இடையில் உள்ள ஆண்டுகளையும் வரிசையாகப் பாருங்கள், நடுவில் ஒரு வறட்சி ஆண்டு வந்து போயிருக்கலாம்.

அதே படங்களில் இன்னொரு வேலையையும் முடித்துக்கொள்ளலாம். ஏரியின் எந்தக் கரை கிழக்கே பார்க்கிறது, காலை ஒளி தொழிற்சாலையின் எந்தப் பக்கத்தில் விழும், எந்த மேட்டில் நின்றால் தண்ணீரும் புகைபோக்கியும் ஒரே ஃப்ரேமுக்குள் வரும் என்று குறித்து வையுங்கள். அந்தக் கடைசி இடம் பொன்னான இடம். படத்துக்கு மிகவும் தேவையான ஷாட் அங்கேதான் இருக்கிறது.

3. அனுமதியை இந்த வரிசையில் கேளுங்கள்

பலர் முதலில் தொழிற்சாலை அலுவலகத்துக்கு மின்னஞ்சல் அனுப்பிவிட்டுக் காத்திருக்கிறார்கள். வாரக்கணக்கில் பதில் வராது, வந்தாலும் ஒரு வழிகாட்டியோடு ஒரு மணி நேரச் சுற்றுலாதான் கிடைக்கும். முதலில் ஏரியை நம்பி வேலை செய்கிறவர்களிடம் போங்கள், வலை வீசுகிறவர், உப்பு வாருகிறவர், படகு ஓட்டுகிறவர் யாரானாலும் சரி. தொழில் உண்மையில் எப்படி நடக்கிறது என்று அவர்கள் வாயால் தெரிந்துகொண்ட பிறகு நிறுவனத்திடம் போனால், 'உங்கள் தொழிற்சாலையை எடுக்கணும்' என்று பொத்தாம் பொதுவாகக் கேட்க மாட்டீர்கள், 'தண்ணீர் உள்ளே வரும் பம்பு அறை, கழுவும் பகுதி, லாரி ஏற்றும் இடம், இந்த மூன்றும் போதும்' என்று கேட்பீர்கள். குறிப்பாகக் கேட்டால் 'சரி' சொல்வது அவர்களுக்கும் சுலபம்.

ஓர் ஏரிக்குப் பெரும்பாலும் பல சொந்தக்காரர்கள் உண்டு. தண்ணீர் ஒரு துறையிடம், கரை நிலம் இன்னொருவரிடம், பறவைகள் வனத்துறையிடம், மீன் உரிமை கூட்டுறவிடம் என்று பிரிந்து கிடக்கும். ஒருவர் கொடுத்த கடிதம் அடுத்தவரைக் கட்டுப்படுத்தாது. ராம்சார் பட்டியலில் (உலக முக்கியத்துவம் உள்ள ஈரநிலங்களின் பட்டியல்) உள்ள நீர்நிலை என்றால் பாதுகாப்பு விதிகள் இருக்கும் என்று எதிர்பார்த்தே போங்கள். ட்ரோனுக்கு அனுமதி எப்போதும் தனி. கூடு கட்டும் பருவத்தில் அனுமதி இருந்தாலும் பறக்க விடாதீர்கள், மிரண்டு எழும் பறவைகள் முட்டைகளை விட்டுப் போய்விடும்.

எரிவாயு, எரிபொருள், நுண்ணிய தூசு உள்ள பகுதிகளுக்குள் சாதாரண கேமராவும் கைபேசியும் கொண்டுபோகக் கூடாத இடங்கள் உண்டு, ஒரு சிறு பொறி போதும். பாதுகாப்பு அலுவலரை முதல் நாளே பார்த்துவிடுங்கள். அவர் வேண்டாம் என்று சொல்கிற இடத்தைக் கேட்டு வற்புறுத்த வேண்டாம்.

கடைசியாக ஒன்று, எனக்கு இது ரொம்ப முக்கியம். முதலாளி கொடுத்த அனுமதி தொழிலாளியின் அனுமதி ஆகாது. அவரிடம் தனியாக, மேற்பார்வையாளர் இல்லாத நேரத்தில், படம் எங்கே வெளியாகும், யார் யார் பார்ப்பார்கள் என்று சொல்லிக் கேளுங்கள். எழுத்தில் வாங்குவதோடு கேமரா முன்னாலும் ஒரு வரி சொல்லச் சொல்லுங்கள். பிறகு மனம் மாறினால் நீக்கிவிடுவேன் என்று சொல்லுங்கள், சொன்னபடி நீக்கவும் செய்யுங்கள். படம் முடிந்து நாம் கிளம்பிவிடுவோம், அவர் மறுநாளும் அதே வாசல் வழியாக வேலைக்குப் போக வேண்டியவர்.

4. கேமராவை எடுக்காமல் இரண்டு நாள்

இதைத்தான் எல்லோரும் தாண்டிப் போகப் பார்க்கிறார்கள், நேரம் வீண் என்று. ஆனால் ஒரு வேலையை முதல் முறை பார்க்கும்போது அடுத்து கை எங்கே போகும் என்று நமக்குத் தெரியாது, கேமரா எப்போதும் ஒரு நொடி பிந்தியே திரும்பும். ஒரு முழுச் சுற்றைப் பார்த்துவிட்டால், எப்போது கூடை நிரம்பும், எப்போது வாய்க்கால் மடை திறக்கும், எப்போது எல்லோரும் உட்கார்ந்து மூச்சு வாங்குவார்கள் என்று தெரியும். அப்போது கேமரா முன்கூட்டியே போய்க் காத்திருக்கும்.

நோட்டுப் புத்தகத்தில் வேலையின் படிகளை நேரத்தோடு எழுதுங்கள். பக்கத்திலேயே கேட்கிற சத்தங்களையும் எழுதுங்கள், பம்பு, சங்கிலி, மண்வெட்டி உப்பில் உரசுவது, தூரத்துச் சைரன். காதுக்கு முதல் நாள் புதிதாகக் கேட்பது மூன்றாம் நாள் பழகிப்போய் மறைந்துவிடும், அதனால்தான் முதல் நாளே எழுதச் சொல்கிறேன்.

இந்த இரண்டு நாளில் ஒரே ஒரு ஷாட்டுக்கு மட்டும் விலக்கு. முன்பு குறித்து வைத்த மேட்டில் நின்று, தண்ணீரும் தொழிலும் சேர்ந்து தெரிகிற மாதிரி ஒரு ஃப்ரேம் அமையுங்கள். ட்ரைபாட் கால்கள் நின்ற இடத்தில் கல் வையுங்கள், உயரத்தையும் லென்ஸ் அளவையும் எழுதிக்கொள்ளுங்கள், அந்த ஃப்ரேமைக் கைபேசியில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். இனி ஒவ்வொரு முறை வரும்போதும் இதே ஷாட்டை ஒரு நிமிடம் எடுக்க வேண்டும். ஏரி மெதுவாக மாறும் பொருள். ஒரே சட்டகத்துக்குள் மட்டம் இறங்குவதையும் நிறம் மாறுவதையும் காட்டினால் குரல் விளக்கமே தேவைப்படாது. முதல் நாள் தவறவிட்டால் இதைத் திரும்பப் பெறவே முடியாது.

5. பேசப் போகிறவரைத் தேர்ந்தெடுப்பது, கேள்வி கேட்பது

பத்து நிமிடப் படத்துக்கு இரண்டு பேர் போதும், மூன்று பேர் அதிகபட்சம். ஏழு பேரை வைத்தால் ஒவ்வொருவருக்கும் ஒரு நிமிடம், யாரும் மனதில் நிற்க மாட்டார்கள். நன்றாகப் பேசுகிறவரைத் தேடுவதை விட, ஏரியையும் தொழிலையும் ஒரே நாளில் இரண்டையும் தொடுகிறவரைத் தேடுங்கள். உதாரணமாக, காலையில் படகில் போய்விட்டு மாலையில் ஆலையில் வேலை செய்கிறவர், அல்லது பம்பு அறையில் மட்டத்தைப் பார்த்துக் குறித்து வைக்கிறவர். உறவு அவர் உடம்பிலேயே இருக்கிறது, நீங்கள் எடிட்டிங்கில் உண்டாக்க வேண்டியதில்லை.

கேள்விகளில் நடக்கும் தவறு, அபிப்பிராயம் கேட்பது. 'இந்த ஏரி உங்களுக்கு என்ன அர்த்தம்?' என்று கேட்டால் யாரும் மேடைப் பேச்சுதான் பேசுவார்கள். 'நேற்று காலையில் எழுந்ததிலிருந்து என்ன செய்தீங்க?', 'தண்ணீர் சரியில்லை என்று எதை வைத்துக் கண்டுபிடிப்பீங்க?', 'கடைசியா வேலை நின்ற நாள் எது, அன்னைக்கு என்ன ஆச்சு?' என்று கேளுங்கள். செயலைக் கேட்டால் கதை வரும், அந்தக் கதைக்குள் அபிப்பிராயம் தானாக வரும்.

பதிலில் கேள்வியையும் சேர்த்துச் சொல்லச் சொல்லுங்கள், ஏனென்றால் உங்கள் குரலை வெட்டியெடுத்த பிறகு 'ஆமாம், மூணு வருஷமா' என்ற பதில் தனியாக நின்றால் அர்த்தமாகாது. அவர் பேசி முடித்ததும் அடுத்த கேள்விக்குத் தாவாமல் ஐந்து நொடி சும்மா இருங்கள். நல்ல வரிகளில் பாதி அந்த மௌனத்துக்குப் பிறகு வந்தவை என்று என் அனுபவத்தில் சொல்வேன். அதிகாரிகளையும் நிபுணர்களையும் கடைசியில் சந்தியுங்கள், அதற்குள் சரியான கேள்வி உங்களிடம் இருக்கும்.

6. பையில் என்ன இருக்க வேண்டும்

புது கேமராவுக்குக் காசு சேர்ப்பதற்கு முன்னால் மைக்கைக் கவனியுங்கள். ஏரிக்கரையில் காற்றைத் தடுக்க எதுவும் கிடையாது, அதனால் மைக்குக்கு ரோமக் கவசம் இல்லாமல் போனால் நாள் முழுவதும் எடுத்த பேச்சு இரைச்சலில் போய்விடும், பிறகு எந்த மென்பொருளாலும் முழுவதும் மீட்க முடியாது. சட்டையில் குத்தும் சின்ன மைக் ஒன்று, கேமராவுக்கு மேலே வைக்கும் மைக் ஒன்று, காதை முழுவதும் மூடும் ஹெட்போன் ஒன்று, இவை கட்டாயம்.

தண்ணீரில் ஒளி அதிகம். நொடிக்கு 25 ஃப்ரேமில் எடுத்தால் ஷட்டர் 1/50 நொடி அளவில் இருந்தால்தான் அசைவு இயல்பாகத் தெரியும், பகல் வெளிச்சத்தில் அதற்கு ஒளியைக் குறைக்கும் என்டி ஃபில்டர் வேண்டும். தண்ணீரின் பளபளப்பை வெட்டும் போலரைசர் ஃபில்டரும் எடுத்துக்கொள்ளுங்கள். அப்புறம் தண்ணீர் புகாத பை, கூடுதல் பேட்டரி, மெமரி கார்டுகள், மென்மையான துணிகள், சிலிகா ஜெல் பொட்டலங்கள். உப்பு ஏரி என்றால் ஒவ்வொரு மாலையும் ட்ரைபாட் கால்களை நல்ல தண்ணீரில் நனைத்த துணியால் துடையுங்கள், இல்லாவிட்டால் சில நாட்களில் பூட்டுகள் இறுகிவிடும். படகில் ஏறுகிற எல்லோருக்கும் உயிர்காப்பு உடை. நீந்தத் தெரிந்தவருக்கும்தான்.

7. வேலையை முதலில் எடுங்கள்

ஒரு பொருளைப் பின்தொடருங்கள். ஏரியிலிருந்து வரும் தண்ணீரோ மீனோ உப்போ நாணலோ, அது தண்ணீரை விட்டு வெளியே வரும் நொடியிலிருந்து லாரியில் ஏறும் வரை எல்லாப் படியையும் எடுங்கள். அப்புறம், தொழில் ஏரிக்குத் திருப்பி விடுவதையும் அதே கவனத்தோடு எடுங்கள். பலர் லாரியோடு நிறுத்திவிடுகிறார்கள், முதலில் எழுதிய வரியின் மூன்றாம் இடம் காலியாகவே இருந்துவிடுகிறது.

ஒவ்வொரு படிக்கும் இடம் முழுவதும் தெரியும் ஒரு ஷாட், ஆள் வேலை செய்யும் ஒரு ஷாட், கை மட்டும் ஒன்று, முகம் மட்டும் ஒன்று, வேலையின் விளைவு ஒன்று. இவ்வளவு இருந்தால் எடிட்டிங்கில் நேரத்தைச் சுருக்க முடியும். கை ஷாட் இல்லாமல் ஒரு நீண்ட வேலையை வெட்டினால் படம் துள்ளும்.

ஒவ்வொரு ஷாட்டையும் கேமராவை அசைக்காமல் பத்து நொடியாவது பிடியுங்கள். புதியவர்கள் மூன்று நொடியில் அடுத்ததற்குத் தாவுகிறார்கள், எல்லாவற்றையும் பிடித்துவிட வேண்டுமே என்ற பதற்றம். திரும்பத் திரும்ப நடக்கும் வேலை என்றால் அவசரமே இல்லை, முதல் சுற்றை வெறும் கண்ணால் பார்த்து, இரண்டாம் சுற்றில் எடுங்கள். ஆளை 'இன்னொரு தடவை செய்யுங்க' என்று கேட்காதீர்கள். கேமராவுக்காகச் செய்யும்போது கை வேறு மாதிரி நகரும், தெரிந்துவிடும்.

உள்ளே விளக்கு வெளிச்சத்தில் படம் துடித்தால், அது மின்சாரத்தின் அலைவு. 50 ஹெர்ட்ஸ் மின்சாரம் உள்ள நாட்டில் ஷட்டரை 1/50 அல்லது 1/100இலும், 60 ஹெர்ட்ஸ் உள்ள நாட்டில் 1/60 அல்லது 1/120இலும் வையுங்கள். குளிரூட்டிய அறையிலிருந்தோ குளிர்ந்த காலையிலிருந்தோ நீராவி நிறைந்த பகுதிக்குள் போகும்போது லென்ஸ் மூடுபனி பிடிக்கும். கேமராவைப் பைக்குள்ளேயே மூடி வைத்து இருபது நிமிடம் அந்தச் சூட்டுக்குப் பழக விடுங்கள், துடைத்துக்கொண்டே இருந்தால் தீராது.

8. இப்போது ஏரி

இந்தக் கட்டத்துக்கு வரும்போது உங்களுக்கு ஏரியின் 'அழகான காட்சிகள்' தேவைப்படாது, குறிப்பிட்ட காட்சிகள் தேவைப்படும். பேசியவர் 'அந்த மரத்தடி வரைக்கும் தண்ணி நிக்கும்' என்று சொல்லியிருப்பார், அந்த மரம் வேண்டும். பம்பின் குழாய் தண்ணீருக்குள் இறங்கும் இடம் வேண்டும். பழைய படகுத்துறை கரையிலிருந்து எவ்வளவு தள்ளி நிற்கிறது என்பது வேண்டும். பேட்டிகளைக் கேட்டு இப்படி இருபது இருபத்தைந்து காட்சிகளின் பட்டியல் போடுங்கள். ஏரியைக் கடைசியில் எடுக்கச் சொல்வதன் காரணமே இதுதான், பட்டியல் இல்லாமல் போனால் கிடைப்பது அஞ்சல் அட்டை.

விடியலுக்கு அரை மணி முன்னால் இடத்தில் இருங்கள். அந்த நேரம் பெரும்பாலும் காற்று அடங்கியிருக்கும், தண்ணீர் கண்ணாடி மாதிரி நிற்கும். நிலம் சூடேறியதும் காற்று கிளம்பி மேற்பரப்பு உடைந்துவிடும், பிரதிபலிப்புக் காட்சிகள் எல்லாம் அதற்குள் முடிய வேண்டும். அலை அடிக்கும் ஏரியும் வேண்டியதுதான், படகுக்காரர் பயப்படும் நாளைப் பற்றிப் பேசியிருந்தால் மதியத்து அலைதான் அந்தப் பேச்சுக்குப் பொருந்தும்.

வானமும் தண்ணீரும் வெளிச்சம், கரையும் ஆளும் இருட்டு. தானியங்கியில் விட்டால் ஒரு பறவை குறுக்கே போனாலும் படத்தின் வெளிச்சம் ஏறி இறங்கும். எக்ஸ்போஷரையும் (கேமரா வாங்கும் ஒளியின் அளவு) ஃபோகஸையும் பூட்டிவிடுங்கள், வானம் வெளுத்துப் போகாத அளவுக்குக் கொஞ்சம் இருட்டாகவே எடுங்கள். வெளுத்துப்போன வானத்தில் மீட்க எதுவும் இருக்காது, இருட்டில் கொஞ்சம் மீட்கலாம்.

போலரைசரை எல்லோரும் மாட்டிவிட்டு மறந்துவிடுகிறார்கள். தண்ணீரின் பளபளப்பை அது நன்றாக வெட்டுவது, மேற்பரப்பிலிருந்து சுமார் 37 டிகிரி கோணத்தில் கீழே பார்க்கும்போதுதான். அப்போது அடியில் உள்ள சேறு, செடி, கழிவு எல்லாம் தெரியும். தொலைவில் கிடைமட்டமாகப் பார்க்கும்போது பயன் குறைவு. பிரதிபலிப்பே வேண்டும் என்கிற ஷாட்டில் கழற்றிவிடுங்கள், இல்லையென்றால் நீங்கள் காத்திருந்த காட்சியை நீங்களே அழித்துவிடுவீர்கள்.

தொடுவானக் கோடு ஒரு டிகிரி சாய்ந்தாலும் ஏரி வழிந்து கொட்டுவது போலத் தெரியும். ட்ரைபாடில் உள்ள நீர்மட்டக் குமிழியை ஒவ்வொரு முறையும் பாருங்கள். பெரிய ஏரியின் அளவு படத்தில் தெரியவே தெரியாது, ஒரு படகோ நடந்துபோகும் ஆளோ உள்ளே வந்தால்தான் கண் அளந்துகொள்ளும். வரும் வரை காத்திருங்கள்.

படகில் ட்ரைபாட் வேண்டாம், படகின் ஆட்டம் முழுவதும் கேமராவுக்கு ஏறிவிடும். கீழே உட்கார்ந்து, முழங்கையை உடம்போடு ஒட்டி, அகலமான லென்ஸில் எடுங்கள். படகின் ஒரு விளிம்பை ஃப்ரேமுக்குள் வைத்துக்கொண்டால் அசைவு உறுத்தாது, பார்ப்பவர் தானும் படகில் இருப்பதாக ஏற்றுக்கொள்வார்.

ட்ரோன் ஷாட் மூன்றுக்கு மேல் வேண்டாம் என்பது என் தீர்மானமான கருத்து. மேலிருந்து பார்த்தால் மட்டுமே புரிகிற ஒன்று இருந்தால் பறக்க விடுங்கள், பாத்திகளின் வடிவம், கழிவுநீர் கலக்கும் இடத்தின் நிற வேறுபாடு மாதிரி.

9. ஒலியைத் தனியாகச் சேகரியுங்கள்

ஒவ்வொரு இடத்திலும், யாரும் பேசாமல் அசையாமல், ஒரு நிமிடம் அந்த இடத்தின் சத்தத்தைப் பதிவு செய்யுங்கள். பேச்சை வெட்டி ஒட்டும்போது நடுவில் வரும் ஓட்டையை இதை வைத்துத்தான் அடைக்க முடியும். முழு அமைதியைப் போட்டால் படம் அறுந்தது போல இருக்கும்.

பிறகு நோட்டில் எழுதிய சத்தங்களை ஒவ்வொன்றாக, மூலத்துக்கு மிக அருகில் போய்ப் பிடியுங்கள். பதிவுக் கருவி காட்டும் ஒலி அளவின் உச்சம் மைனஸ் 12 டெசிபல் அருகில் இருக்கட்டும், தொழிற்சாலையில் திடீரென்று ஒரு இரும்பு விழும், அதற்கு இடம் வேண்டும். ஏரியையும் தொழிலையும் இணைக்கும் வேலையில் படத்தைவிட ஒலிக்கு வலு அதிகம். அமைதியான தண்ணீர்க் காட்சியின் மேல் மெல்லிய பம்புச் சத்தம் கேட்டாலே, பார்ப்பவர் மனதில் இரண்டும் சேர்ந்துவிடும்.

10. அன்றிரவே செய்ய வேண்டியது

மூன்று பிரதி: இரண்டு வேறு வேறு ஹார்ட் டிஸ்கில், ஒன்று வேறு இடத்தில். பிரதிகளைத் திறந்து ஓட்டிப் பார்த்த பிறகுதான் கார்டை அழிக்க வேண்டும். அசதியில் காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டு ஒரு முழு நாள் படப்பிடிப்பை நான் இழந்திருக்கிறேன், அந்த அறுவடை அந்த ஆண்டு திரும்ப வரவில்லை.

கூடவே அரை மணி நேரம் உட்கார்ந்து எந்த ஷாட் எதைப் பற்றியது, எது நன்றாக வந்தது என்று எழுதுங்கள். ஒரு மாதம் கழித்து நூற்றுக்கணக்கான கோப்புகளில் எது எது என்று நினைவிருக்காது.

11. எடிட்டிங்: முதலில் காகிதத்தில்

பேட்டிகளை எழுத்தாக மாற்றி அச்செடுத்து, தேவையான வரிகளை வெட்டி, மேசையில் பரப்பி வரிசைப்படுத்துங்கள். நேராக மென்பொருளில் இறங்கினால் அழகான ஷாட்கள் உங்களை இழுத்துக்கொண்டு போய்விடும், வாதம் பின்னால் நொண்டி வரும்.

முதல் அரை நிமிடத்துக்குள் ஏரியும் தொழிலும் இரண்டும் வந்துவிட வேண்டும். இரண்டு நிமிடம் சூரிய உதயத்தைக் காட்டிவிட்டு ஆரம்பித்தால் பாதிப் பேர் போய்விடுவார்கள், அதைவிட மோசம், மிச்சம் இருப்பவர்கள் இது இயற்கைப் படம் என்று முடிவு செய்துவிடுவார்கள்.

நடுப்பகுதியில் நீங்கள் பின்தொடர்ந்த பொருளின் பாதைதான் முதுகெலும்பு. ஏரியிலிருந்து ஆலைக்குப் போகும் ஒவ்வொரு வெட்டும் ஏதோ ஒன்றைத் தூக்கிக்கொண்டு போக வேண்டும்: தண்ணீர் என்றால் வாளியிலிருந்து குழாய்க்கு, சத்தம் என்றால் துடுப்பிலிருந்து இயந்திரத்துக்கு, அல்லது அதே கை. மேட்டிலிருந்து எடுத்த மாறாத ஷாட் நான்கைந்து இடங்களில் வந்து வந்து போகட்டும், காலம் நகர்வது அதில் தெரியும்.

குரல் விளக்கத்தைக் கடைசியில் எழுதுங்கள். முதலில் எழுதினால் படங்கள் அதற்குப் படவிளக்கமாகிவிடும். ஆளும் படமும் சொல்லாத தகவலை மட்டும் குரலுக்குக் கொடுங்கள், எந்த ஆண்டு, எவ்வளவு, யார் விதி போட்டது போன்றவை.

12. வெளியிடுவதற்கு முன் சரிபார்ப்பு

ஏரிப் படங்களில் திரும்பத் திரும்ப வரும் மூன்று பொய்கள் உண்டு, பெரும்பாலும் தெரியாமல் செய்வது. குளிர்விக்கும் கோபுரத்தின் வெள்ளைப் படலம் நீராவி, அதை நச்சுப் புகை என்று காட்டக் கூடாது. உப்புப் பாத்திகளின் சிவப்பும் இளஞ்சிவப்பும் அடர்ந்த உப்பில் வாழும் நுண்ணுயிரிகளின் நிறம், இரசாயனக் கழிவின் நிறம் இல்லை. அமெரிக்காவின் பெரிய உப்பு ஏரியின் (கிரேட் சால்ட் லேக்) வடபகுதி இளஞ்சிவப்பாக இருப்பதும் இப்படித்தான். 1959இல் குறுக்கே போட்ட இரயில் கரை ஏரியைப் பிரித்ததால் அந்தப் பக்கம் உப்பு ஏறியது. மூன்றாவது நுரை: அழுகும் இலைதழைகளிலிருந்தும் நுரை இயற்கையாக வரும். மாசு என்று சொல்ல வேண்டுமானால் நீர்ச் சோதனை முடிவு கையில் இருக்க வேண்டும், படம் சாட்சி ஆகாது.

நிறுவனத்தின் மேல் குறை சொல்லும் பகுதி இருந்தால் வெளியிடுவதற்கு முன்பே எழுத்தில் கேட்டுப் பதிலுக்கு நியாயமான அவகாசம் கொடுங்கள், பதில் வந்தால் படத்தில் சேருங்கள். செயற்கைக்கோள் படங்கள் இலவசம் என்றாலும் மூலத்தைக் குறிப்பிட வேண்டும், சென்டினல் படங்களுக்கு அது நிபந்தனையே. இசைக்கு உரிமம் எழுத்தில் இருக்கட்டும். இணையத்துக்கு ஒலியின் மொத்த அளவை மைனஸ் 14 எல்யுஎஃப்எஸ் (காதுக்குக் கேட்கும் சத்தத்தை அளக்கும் அலகு) அருகில் வையுங்கள், தொலைக்காட்சிக்கு அந்தந்த நிலையத்தின் அளவைக் கேட்டுக்கொள்ளுங்கள்.

இறுதி வடிவத்தைப் பூட்டுவதற்கு முன்னால், படத்தில் இருப்பவர்களுக்கு அவர்கள் ஊரிலேயே ஒரு முறை போட்டுக் காட்டுங்கள். மடிக்கணினியில் போதும். அவர்கள் கவனிப்பது நீங்கள் கவனிக்காததை: வேலையின் இரண்டு படிகள் மாறிக் கிடப்பது, தவறான பருவத்துத் தண்ணீர் அந்த வரியின் மேல் வந்திருப்பது, ஒரு பெயரை நீங்கள் தவறாக உச்சரிப்பது. குறித்துக்கொண்டு திரும்பி வந்து திருத்துங்கள். திருத்திய பிறகு, சுருக்கிய படத்தோடு அவர்களின் முழுப் பேட்டியையும் ஒரு பென்டிரைவில் போட்டுக் கொடுத்துவிட்டு, மேட்டில் கல் வைத்த இடத்துக்குப் போய் அந்த ஒரு நிமிட ஷாட்டை மறுபடியும் எடுத்துக்கொண்டு கிளம்புங்கள். அடுத்த ஆண்டு அது தேவைப்படும்.